மதினி கொண்டுவந்த நெல்

என் மதினி கல்யாணமாகி எங்கள் வீட்டுக்கு வந்தபோது சீர்வரிசையோடு ஒரு விதைக்கோட்டையும் வண்டியில் வந்து இறங்கியது. வைக்கோலைப் பிரியாகத் திரித்து, உள்ளே நெல்லைக் கொட்டி, பூசணிக்காய் மாதிரி உருட்டிக் கட்டி, மேலே சாணி மெழுகிய கோட்டை. பித்தளைக் குடத்தையும் அண்டாவையும் எங்கள் தெருப் பெண்கள் தூக்கிப் பார்த்து எடை சொன்னார்கள். கோட்டையை ஒருத்தியும் தொடவில்லை. "பொண்ணு வீட்ல நகை குறைச்சல் போல, நெல்லைக் கட்டி ஏத்திவிட்டிருக்காக" என்று ஒருத்தி வாயைப் பொத்திக்கொண்டு சொன்னது என் காதில் விழுந்தது. அப்போது நான் பாவாடை கட்டிய பிள்ளை. அப்பாவும் அம்மாவும் அடுத்தடுத்துப் போய்விட்டார்கள். என்னை வளர்க்க ஓர் ஆள் வேண்டும் என்றுதான் அண்ணன் அவசரமாகக் கல்யாணம் செய்துகொண்டார் என்பார்கள். அப்படி வந்த ஆளை ஒருத்தி கேலி செய்தால் எனக்கு எப்படிப் பொறுக்கும்? அவள் வீட்டுக் கோழியைக் கல்லால் அடித்துவிட்டு வந்தேன்.

எங்கள் ஊர் காரைக்குடியிலிருந்து குன்றக்குடி போகும் வழியில் பிரிகிற மண்சாலையில் இருக்கிறது. வயலில் நின்றால் குன்றக்குடி மலை தெரியும். எங்கள் நிலம் கண்மாய்க்குக் கடைசியில் கிடந்தது. மேல்வயல்காரர்கள் எல்லோரும் பாய்ச்சி முடித்த பிறகு தண்ணீர் மிச்சமிருந்தால் எங்களுக்கு. பெரும்பாலும் மிச்சமிருக்காது. மதினியின் ஊர் தேவகோட்டைக்கும் தெற்கே, எங்களைவிடக் காய்ந்த சீமை. அங்கே விளைந்த நெல்தான் கோட்டையில் வந்தது. புழுதிக்கார் என்று பெயர். ஆவணியில் காய்ந்த புழுதியில் விதைத்துவிடலாம். மழை வரும்வரை மண்ணுக்குள் பேசாமல் கிடக்கும். ஐப்பசியில் நாலு மழை பெய்தால் எழுந்து நிற்கும். உமி கருஞ்சிவப்பு, உள்ளே அரிசியும் சிவப்பு. களத்தில் அளக்கும்போது கண்டுமுதல் குறைச்சல்தான். ஆனால் கண்மாய் நிறையாத வருஷத்திலும் எங்கள் கடைசி வயலில் கதிர் தலைசாய்ந்து நிற்கும். மேல்வயல்காரர்கள் வரப்பில் நின்று பார்த்துவிட்டுப் போவார்கள்.

அந்த நெல்லோடு இரண்டு வழக்கங்களும் மதினி வீட்டிலிருந்து வந்தன. விதைக்கிற அன்று முதல் கைப்பிடி விதையை வீட்டுக்காரி தன் மடியிலிருந்து அள்ளி வீட்டுக்காரன் கையில் போட வேண்டும். அது ஒன்று. மற்றது, விதை கேட்டு வருகிறவர்கள் வெறுங்கையோடு வரக்கூடாது. ஒரு கைப்பிடி கேழ்வரகோ வரகோ, தங்கள் வீட்டுத் தானியம் ஏதாவது ஒன்றைச் சுளகில் போட்டுவிட்டுத்தான் வாய் திறக்க வேண்டும். வெறுங்கையோடு வந்தவருக்கு விதை கொடுத்தால் கொடுத்த வீட்டில் விதை தங்காது என்பது அவர்கள் நம்பிக்கை. "நெல்லுக்குக் கூடவா மொய் வைக்கணும்?" என்று நான் கேலி செய்வேன். மதினி சிரிக்கமாட்டாள். வேறு எதைக் கேலி செய்தாலும் சேர்ந்து சிரிப்பாள், இதில் மட்டும் முகம் கொடுக்கமாட்டாள்.

சில வருஷத்தில் அவளுடைய தாய் தகப்பன் இருவரும் இறந்துபோனார்கள். அவளோடு பிறந்த அண்ணன் தம்பிகள் நிலத்தைக் கிடைத்த விலைக்குத் தள்ளிவிட்டு மதுரைப் பக்கம் மில் வேலைக்குப் போய்விட்டார்கள். அதன் பிறகு அந்த ஊரில் அவளுக்கு என்று ஒன்றும் இல்லை. போய் இறங்க ஒரு வாசல்கூட இல்லை. பிறந்த வீடு என்று அவளிடம் மிஞ்சியது அந்த நெல்தான். அவள் இதை ஒருநாளும் வாய்விட்டுச் சொன்னதில்லை. ஆனால் ஒவ்வொரு தையிலும் விதைக்குக் கதிர் பொறுக்கும்போது யாரையும் பக்கத்தில் விடமாட்டாள். குனிந்து குனிந்து, ஒவ்வொரு கதிராகத் தடவிப் பார்த்து அறுப்பாள். கோட்டை கட்டி முடித்ததும் அதைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்வாள்.

நான் காரைக்குடியில் கல்லூரியில் சேர்ந்திருந்த காலத்தில் ஒரு நாள் எங்கள் வீட்டு வாசலில் ஜீப் வந்து நின்றது. நாடு முழுக்க அரிசித் தட்டுப்பாடு. லெவி என்று சொல்லி வீடு வீடாக நெல்லைக் கணக்குப் பார்த்து அரசாங்கம் எடுத்துக்கொண்டிருந்தது. ஜீப் சத்தம் கேட்டால் எங்கள் ஊரில் முதலில் மூடுவது நெல் கொட்டிவைக்கிற குலுக்கையின் வாயைத்தான். அண்ணன் சந்தைக்குப் போயிருந்தார். இறங்கியவர்கள் வேளாண்மை இலாகா அதிகாரி ஒருவரும் ஒரு வெள்ளைக்காரரும். வெள்ளைக்காரர் தொப்பியைக் கழற்றிக் கும்பிட்டார். வெயிலில் முகம் சுட்ட பனங்கிழங்கு மாதிரி இருந்தது.

அதிகாரி நல்லவிதமாகத்தான் பேசினார். "பழைய ரக நெல்லையெல்லாம் தேடிச் சேர்க்கிறோம். உங்க வீட்ல ஒரு நல்ல ரகம் இருக்குன்னு மேலத்தெருவில் சொன்னாங்க. கொஞ்சம் கொடுத்தீங்கன்னா பத்திரமா வைப்போம். இது லெவிக்கு இல்லம்மா, பயப்படாதீங்க."

அந்தக் கடைசி வாக்கியத்தை அவர் சொல்லாமலே இருந்திருக்கலாம். லெவி என்ற வார்த்தை அவர் வாயிலிருந்து வந்ததும் மதினியின் முகம் சாத்திக்கொண்டது. "எங்ககிட்ட என்ன பெருசா இருக்கு? அவுக வேற சந்தைக்குப் போயிருக்காக" என்றாள்.

நான் எதற்கு இருக்கிறேன்? கல்லூரியில் படித்த ஆங்கிலத்தை அவிழ்த்துவிட இப்படி ஒரு சந்தர்ப்பம் எங்கள் ஊரில் எப்போது வாய்க்கும்? வெள்ளைக்காரரிடம் புழுதிக்காரின் பெருமையையெல்லாம் சொன்னேன். பாதி அவருக்குப் புரிந்திருக்காது. எனக்கே புரிந்திருக்காது. ஆனால் அவர் ஒவ்வொன்றுக்கும் தலையாட்டினார். தண்ணீர் இல்லாமல் எத்தனை காலம் தாங்கும், என்ன பூச்சி வரும், சோறு எப்படி இருக்கும் என்று கேட்டார். எங்கள் வீட்டு நெல்லைப் பற்றி ஒருவர் இவ்வளவு அக்கறையாக விசாரித்து நான் பார்த்ததில்லை. எனக்கு நெஞ்சு பூரித்துப் போயிற்று.

மதினி உள்ளே போனாள். போனவள் வரக் கொஞ்ச நேரம் ஆயிற்று. வரும்போது சுளகில் கருஞ்சிவப்பாக நெல் இருந்தது. வெள்ளைக்காரர் ஒரு பிடி அள்ளி விரலிடுக்கில் ஒழுகவிட்டுப் பார்த்து, அழகாக இருக்கிறது என்றார். பெயர் கேட்டார்கள். மதினி பெயரைச் சொன்னாள். எந்த ஊர் நெல் என்று கேட்டார்கள். தன் பிறந்த ஊரைச் சொன்னாள். அதிகாரி நெல்லை இரண்டு காகிதப் பைகளில் பிரித்துப் போட்டார். ஒன்று இங்கே ஆராய்ச்சிப் பண்ணைக்கு, மற்றொன்று வெளிநாட்டில் ஓர் இடத்துக்கு. அங்கே உலகத்து நெல்லையெல்லாம் குளிர் அறையில் வைத்துக் காக்கிறார்கள் என்றார். இனி இது உலகத்துக்கே பொது என்று வெள்ளைக்காரர் சொன்னதை நான்தான் மதினிக்குத் தமிழில் சொன்னேன். மதினி காலிச் சுளகை மடியோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டு தலையை மட்டும் அசைத்தாள்.

சாயங்காலம் அண்ணன் வந்ததும் நான் ஆடிய ஆட்டம் கொஞ்சமா நஞ்சமா. "அண்ணே, நம்ம நெல்லு கப்பல் ஏறப்போகுது. நீங்க மதினி ஊரத் தாண்டுனதில்ல, அது கடல் தாண்டப்போகுது" என்றேன். அண்ணனுக்கும் பெருமைதான். மதினி சோற்றைப் போட்டுவிட்டு அடுக்களைக்குள் போய்விட்டாள்.

அதற்கு அடுத்த வருஷமோ அதற்கும் அடுத்த வருஷமோ, அதே இலாகாவின் இன்னொரு ஜீப் வந்தது. இந்த முறை எடுத்துப் போக வரவில்லை, இறக்கிவிட்டுப் போக வந்தது. குட்டை நெல். முழங்கால் உயரம்கூட வராது, ஆனால் குலுங்கக் குலுங்கக் காய்க்கும், உப்பு மட்டும் போட வேண்டும் என்றார்கள். யூரியாவுக்கு அன்றைக்கு எங்கள் ஊரில் உப்பு என்றுதான் பெயர். மேல்வயல்காரர்கள் கிணறு வெட்டி பம்புசெட் போட்டு அதை நட்டார்கள். நிஜமாகவே கொட்டியது. அதை நான் குறை சொல்லமாட்டேன். வருஷம் முழுக்கச் சோறு என்பதை எங்கள் ஊரில் பல வீடுகள் அந்த நெல்லால்தான் கண்டன. ஆனால் ஒரு கையால் பழைய நெல்லைக் காப்பாற்றுகிறோம் என்று அள்ளிக்கொண்டு போய், மறு கையால் அது நின்ற இடத்தையே பிடுங்கினார்களே, அந்தக் கூத்துதான் எனக்கு இன்றுவரை விளங்கவில்லை. புழுதிக்காரை அக்கம்பக்கத்தில் விதைத்தவர்கள் ஒவ்வொருவராக விட்டார்கள். காரைக்குடி செக்காலை ரோட்டில் உரக்கடைகள் வந்தன. கடைசியில் அந்த நெல் எங்கள் கடைசி வயலில் மட்டும் நின்றது, கிணறு வெட்ட அண்ணனுக்கு வக்கில்லாததால்.

நான் படித்து முடித்து ஒரு வெளியூர் ஆராய்ச்சிப் பண்ணையில் வேலைக்குச் சேர்ந்தேன். மண் பரிசோதனைப் பிரிவில் உதவியாளர். விதைகளை வைத்திருந்த கட்டடம் எங்கள் கட்டடத்துக்கு எதிரே இருந்தது. எங்கள் நெல் அந்தக் கட்டடத்துக்குள்தான் இருக்கிறது என்று தெரிந்த நாளில் எனக்கு ஊர்க்காரர் ஒருவர் கிடைத்த மாதிரி இருந்தது. அந்தப் பக்கம் போகும்போதெல்லாம் மனசுக்குள் ஒரு கும்பிடு போட்டுக்கொள்வேன். உள்ளே போய்ப் பார்க்கத் தோன்றவில்லை. இருக்கிறது என்பதே போதுமாக இருந்தது.

பிறகு அந்தப் பஞ்சம் வந்தது. எழுபதுகளின் நடுவில் மழை தொடர்ந்து பொய்த்ததை எங்கள் சீமையில் வாழ்ந்தவர்கள் மறக்கமாட்டார்கள். கண்மாய்க்குள் பிள்ளைகள் பந்து விளையாடினார்கள். புழுதிக்கார்கூடத் தாங்கவில்லை. கதிர் வராமல் தாளோடு மாட்டுக்குப் போயிற்று. மறுவருஷம் அண்ணன் கையிருப்பு விதையில் பாதியைப் புழுதியில் விதைத்தார். புரட்டாசியில் ஒரு பொய்மழை பெய்து, முளைக்க வைத்து, வெயிலில் பொசுக்கிவிட்டது. ஐப்பசி பிறந்ததும் மறுபடி மேகம் கூடியது. மிச்சம் ஒரே ஒரு கோட்டைதான் இருந்தது.

"அதைத் தொடாதீக. அடுத்த வருசத்துக்கு இருக்கட்டும்" என்று மதினி சொல்லியிருக்கிறாள்.

"மேகத்தைப் பாத்தியா? இந்தத் தடவை விடாது. இப்ப விட்டா இந்த வருசமும் போச்சு" என்று அண்ணன் கோட்டையை உடைத்திருக்கிறார்.

மதினி அழுதுகொண்டேதான் மடியில் அள்ளினாளாம். அந்த வருஷம் மேகம் எங்கள் ஊரைத் தாண்டிப்போய்க் கடலில் பெய்தது. வீட்டில் புழுதிக்கார் ஒரு மணி இல்லை. ஊரிலும் யாரிடமும் இல்லை. மதினியின் ஊர்ப் பக்கம் அண்ணன் போய் வீடு வீடாகக் கேட்டுப் பார்த்தார். அப்படி ஒரு நெல் இருந்ததா என்று இளசுகள் கேட்டார்களாம்.

அடுத்த ஆடியில் அண்ணன் பஸ் ஏறி நான் வேலை பார்த்த ஊருக்கு வந்தார். மதினியின் ஊரைத் தாண்டிப் பழக்கமில்லாத மனிதர், மூன்று பஸ் மாறி வந்திருந்தார். ஆபீஸ் வாசலில் வேப்பமரத்தடியில் மஞ்சள் பையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு நின்றவரைப் பார்த்ததும் எனக்கு அழுகை முட்டியது. முகம் அவ்வளவு வற்றிப்போயிருந்தது.

"ஏத்தா, அன்னைக்கு ஜீப்புல கொண்டுபோனாகளே நம்ம நெல்லு, அது இங்கதான இருக்கு?"

"இருக்குண்ணே. எதுத்த கட்டடத்துலதான்."

"ஒரு பிடி குடுத்தாப் போதும். ஒரு பிடி இருந்தா மூணு வருசத்துல வயலையே ரொப்பிடுவேன்." பைக்குள் கைவிட்டு ஒரு துணி முடிச்சை எடுத்தார். "வரகு. உங்க மதினிதான் முடிஞ்சு குடுத்தா. வெறுங்கையா போய் வெதை கேக்கக் கூடாதுல்ல."

அந்த முடிச்சைக் கையில் வாங்கிக்கொண்டு நான் எதிர்க் கட்டடத்துக்குப் போனேன். சர்க்கார் அலுவலகத்தில் வரகைக் கொண்டுபோய் யார் மேஜையில் வைப்பது? புடவைத் தலைப்பில் மறைத்துக்கொண்டேன்.

அங்கே பொறுப்பிலிருந்த அதிகாரி தஞ்சாவூர்க்காரர், தன்மையான மனிதர். விவசாயிக்கு நேரடியாக விதை கொடுக்கும் ஏற்பாடே அந்த இடத்தில் இல்லை. ஆராய்ச்சிக்காரர்கள் கேட்டால் கடல் தாண்டியும் அனுப்புவார்கள். விதைத்தவன் வந்து கேட்டால் அதற்கு வழியில்லை. எடுக்கும்போதுதான் உலகத்துக்குப் பொது. நான் கொஞ்சம் சத்தமாகவே இதைக் கேட்டேன். அவர் கோபப்படவில்லை. "உங்க அண்ணனுக்குன்னா நான் பாத்துக்கறேம்மா, ஒரு பிடிதானே" என்று சொல்லிவிட்டுத் தேடச் சொன்னார். தேடி எடுத்து வந்ததும் அவர் முகம் மாறியது.

"இது வந்த வருஷமே விதைச்சுப் பாத்திருக்காங்க. ஒண்ணுகூட முளைக்கல. மாதிரிக்குன்னு கொஞ்சம் பாட்டில்ல வச்சிருக்கு, அவ்வளவுதான். கொடுத்தவங்க பழைய நெல்லைக் கொடுத்துட்டாங்க போல."

எனக்கு வந்த கோபத்தைச் சொல்ல முடியாது. "எங்க மதினியா? கெட்ட விதையா? ஒவ்வொரு கதிரா தடவிப் பார்த்து எடுக்கிறவங்க சார் அவங்க. உங்க ஆளுங்க ஜீப்புலயே வெயில்ல போட்டுக் காயவச்சுக் கொன்னிருப்பாங்க. பழியை எங்க மேல போடாதீங்க" என்று கத்தினேன். அறையில் இருந்தவர்கள் எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். அவர் பாட்டிலை என் பக்கம் நகர்த்தினார். எடுத்துக்கொண்டு வேகமாக ஜன்னலோரம் போனேன். எட்டோ பத்தோ மணிகளை உள்ளங்கையில் கொட்டினேன். அதே கருஞ்சிவப்பு. எத்தனை நாளாயிற்று இதைப் பார்த்து என்று நினைக்கும்போதே கண் நிறைந்துவிட்டது. ஒன்றின் உமியை நகத்தால் நீக்கினேன்.

பச்சரிசி மங்கலாக இருக்கும், பல்லில் வைத்தால் பொடியும். இது பளபளவென்று, சிவப்பு கொஞ்சம் பழுப்பேறி, உள்ளே வெளிச்சம் ஊடுருவ இருந்தது. பல்லில் வைத்துக் கடித்தேன். பொடியவில்லை, இரண்டாகத் தெறித்தது. இன்னொன்றை உரித்தேன், இன்னும் ஒன்றை. எல்லாம் அப்படியே. அண்டாவில் நெல் அவிப்பதைப் பார்த்து வளர்ந்த எனக்கு அதற்குமேல் எதுவும் தேவைப்படவில்லை. அது புழுங்கல். அவித்துக் காயவைத்த நெல். ஜீப் வந்த அன்று, அவித்து மில்லுக்குப் போக வேண்டிய மூட்டை எங்கள் பின்கட்டில் வாய் கட்டாமல் நின்றது நினைவுக்கு வந்தது. வெளுத்த நெல்லாயிருந்தால் அவித்தது பார்த்தவுடனே நிறத்தில் தெரிந்திருக்கும். இந்தக் கருத்த உமி எல்லாவற்றையும் மூடிக்கொண்டது.

வெறுங்கையோடு வந்தவர்களுக்கு, அதுவும் ஜீப்பில் வந்தவர்களுக்கு, மதினி விதை கொடுக்கவில்லை. சாப்பாட்டு நெல்லைக் கொடுத்தனுப்பியிருக்கிறாள். தன் பிறந்த ஊர்ப் பெயரை மட்டும் உண்மையாகச் சொல்லியிருக்கிறாள்.

எனக்கு முதலில் சிரிப்புத்தான் வந்தது. பிறகு அந்த ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு அழுதேன். அதிகாரி தண்ணீர் கொடுத்தார். என்ன என்று கேட்டார். நான் சொல்லவில்லை. மதினியை அந்த மேஜை முன்னால் நிறுத்த எனக்கு மனசில்லை.

அண்ணனிடம் "முளைக்கலைண்ணே" என்று மட்டும் சொன்னேன்.

"பாவிக, சாகடிச்சுட்டானுகளா?" என்று அவர் அப்படியே உட்கார்ந்துவிட்டார். கொஞ்ச நேரம் மண்ணைக் கீறிக்கொண்டிருந்தார். பிறகு தலையைத் தூக்கினார். முகத்தில் ஒரு தெளிச்சம். "ரெண்டு பொட்டலம்ல கட்டுனாக? நீதான சொன்ன, ஒண்ணு வெள்ளக்காரன் நாட்டுக்குன்னு. அங்குட்டுப் போனது இருக்கும்ல? அவன் குளுரு ரூம்புல வச்சிருப்பான். அவன் சாகவிடமாட்டான்."

என்னால் அவர் கண்ணைப் பார்க்க முடியவில்லை. வரகு முடிச்சைத் திருப்பிக் கொடுத்தேன். வாங்கிக்கொள்ளவில்லை. "வச்சுக்க. கேட்டாச்சுல்ல, கேட்டதுக்குக் குடுத்துறணும்" என்று சொல்லிவிட்டு பஸ்ஸுக்குப் போனார்.

அடுத்த லீவில் நான் ஊருக்குப் போனேன். அடுக்களையில் மதினி முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். பக்கத்தில் உட்கார்ந்து நானும் ஒரு கொத்தை எடுத்தேன். எப்படி ஆரம்பிப்பது என்று தெரியாமல் கீரையையே பார்த்துக்கொண்டிருந்தேன். அவளே ஆரம்பித்தாள்.

"முளைக்கலைன்னியாமே. உரிச்சுப் பாத்தியா?"

"பாத்தேன் மதினி."

கையிலிருந்த கொத்தை முறத்தில் போட்டாள். "வெறுங்கையா வந்தாக. லெவிங்கிறாக. ஒரு பிடியக் குடுத்தா மறுநா லாரியோட வருவாகன்னு நெனச்சேன். எங்க அப்பா கட்டிக் குடுத்ததாச்சே, முன்னப்பின்ன தெரியாதவுகளுக்கு எப்புடித் தூக்கிக் குடுக்க? மூட்டையில இருந்து அள்ளிக் குடுத்துட்டேன். காப்பாத்திட்டேன்னுதான் இருந்தேன் இத்தனை வருசமும்." "அந்த வரகை முடியிறப்பவே எங்கையி ஓடல. சொல்லிரலாம்னு வாயத் தொறந்தேன். அவுக பஸ்ஸுக்கு நேரமாச்சுன்னு போயிட்டாக."

"அண்ணன் வெளிநாட்டுல இருக்குன்னு நம்பிக்கிட்டு இருக்காக மதினி."

"தெரியும். அங்குட்டுப் போனதும் அதுதானே?"

"அதேதான்."

"நானே சொல்றேன். நீ சொல்லாத." என்னைப் பார்க்காமல் இன்னொன்றும் சொன்னாள். "தினம் ராத்திரி சோத்துல கைய வச்சுக்கிட்டு, உம் பொறந்த வீட்டு வெதைய நான்தான் மண்ணுல போட்டு அழிச்சேங்கிறாக. அந்தக் கடைசிக் கோட்டைய உடைச்சதுக்கு அப்புடி மருகுறாக. அவுக அப்புடிச் சொல்றப்ப எனக்கு ஒரு நிமிசம் நிம்மதியா இருக்கு. அந்தப் பாவம் என்னைய விடுமாத்தா?"

அவளை நான் கட்டிக்கொண்டேன். வேறு என்ன செய்ய? யார் மேல் கோபப்படுவது என்று தெரியவில்லை. அந்த அதிகாரி பொய் சொல்லவில்லை. வெள்ளைக்காரர் திருட வரவில்லை. காப்பாற்றுகிறோம் என்று வந்தவர்களிடமிருந்து இவள் காப்பாற்றினாள். இரண்டு பேர் காப்பாற்றியும் நெல் போய்விட்டது.

அந்த ஆவணியில் அண்ணன் வேளாண்மை இலாகா டிப்போவில் புது விதை வாங்கி வந்து விதைத்தார். ஆனால் வயலின் மூலையில் சின்னதாக ஒரு துண்டு நிலம், ஒரு செய்யை மட்டும் விட்டுவைத்தார். உழுதார், கட்டி உடைத்தார், மண்ணைப் புழுதியாக்கினார், விதைக்காமல் விட்டார். கேட்டவர்களிடம், "வெளிநாட்டுல இருந்து எங்க நெல்லு வரப்போகுது" என்றார். டீக்கடையில் அதைச் சொல்லிச் சிரித்தார்கள். மதினி அந்த வருஷமும் அவரிடம் சொல்லவில்லை. மறுவருஷ ஆவணியிலும் அவர் அந்தச் செய்யை உழுதார். நான் அப்போது லீவில் வந்திருந்தேன்.

மதினி கஞ்சித் தூக்கோடு வயலுக்குக் கிளம்பியபோது நானும் கூடப் போனேன். அண்ணன் மூலைச் செய்யில் ஏரை ஓட்டிக்கொண்டிருந்தார். எங்களைப் பார்த்ததும் மாட்டை நிறுத்திவிட்டு வந்து வரப்பில் உட்கார்ந்தார். மதினி கஞ்சியை ஊற்றவில்லை. தூக்கைத் தரையில் வைத்துவிட்டு நின்றபடியே சொன்னாள்.

"இதை உழுகாதீக. அது வராது. அன்னைக்கு ஜீப்புக்காரவுகளுக்கு நான் குடுத்தது புழுங்க நெல்லு."

அண்ணன் புரியாமல் என்னைப் பார்த்தார். நான் தலையைக் குனிந்துகொண்டேன். அவருக்குப் புரிந்துவிட்டது.

"ரெண்டு பொட்டலமும் அதானா?"

"அதான்."

மாடுகள் நுகத்தடியோடு நின்று வாலை ஆட்டிக்கொண்டிருந்தன. அவர் கத்துவார் என்று நினைத்தேன். கத்தியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். "வெள்ளக்காரனுக்கே சோத்து நெல்லக் குடுத்து ஏச்சுட்டியே" என்று சிரிக்கப் பார்த்தார். சிரிப்பு பாதியில் உடைந்துவிட்டது. துண்டால் முகத்தைத் துடைத்தார்.

"நான் கோட்டைய உடைச்சிருக்கக் கூடாது" என்றார்.

"நான் நல்ல நெல்லக் குடுத்திருக்கணும்" என்றாள் மதினி.

பிறகு அண்ணன் எழுந்து ஏரைப் பிடித்து விட்ட இடத்திலிருந்து உழுது முடித்தார். முடித்துவிட்டு மாட்டை அவிழ்க்காமலே கேட்டார். "டிப்போ வெதை மிச்சம் இருக்கா?"

"இருக்கு."

"கொண்டா."

வீட்டுக்குப் போய் மதினி ஓலைப்பெட்டியில் எடுத்து வந்தாள். வரப்பில் நின்று, எப்போதும் போல முந்தானையை இழுத்துச் செருகி மடி கட்டி, அதில் கொட்டினாள். வெளுத்த நெல், ஒன்றுபோல ஒன்று. அண்ணன் கிழக்கே பார்த்து நின்று கையை நீட்டினார். மதினி ஒரு பிடி அள்ளினாள். அள்ளிய கை அவர் கைக்குமேல் வந்து அப்படியே நின்றது. அண்ணன் நீட்டிய கையை மடக்காமல், அவசரப்படுத்தாமல், அவள் முகத்தைப் பார்த்தபடி நின்றார். கடைசியில் அவள் விரல்களைத் திறந்தாள்.

அவர் வீசிக்கொண்டு போனார். மதினி மடியைப் பிடித்தபடி வரப்பில் நின்று வாய்விட்டு அழுதாள். அவளுடைய தாய் தகப்பன் செத்த சேதி வந்தபோதுகூட அவள் அப்படி அழுது நான் பார்த்ததில்லை.